பெருக்கல் குறி போட்ட இடம்

துர்காவுக்கு இண்டர்வியூ கார்டு வந்த மறுநாள் காலையில் அந்த வீட்டில் கேசரி கிண்டினார்கள். கிண்டினார்கள் என்பது பேச்சுக்கு. கிண்டியது செண்பகம் ஒருத்திதான். ஓர்ப்படிக்கு, கொழுந்தன் பெண்டாட்டிக்கு, வேலை கிடைக்கப்போகிறது, தனக்குக் கார்டு வரவில்லை, அந்தத் துக்கத்தோடு நின்று ரவை வறுக்கிற பாக்கியம் எத்தனை பேருக்குக் கிடைக்கும்?

அதற்கு முன்னால் ஐந்து மணிக்கே பின்னறைக்குப் போய் மாமியார் ஜெயம்மாளைப் புரட்டிப் போட்டு, துணி மாற்றி, வெந்நீரில் துடைத்து, முதுகுக்குப் பவுடர் போட்டு, கோணிப்போன வாயில் கேப்பைக் கூழை ஊட்டிவிட்டு, சோப்புப் போட்டு இரண்டு தடவை கை கழுவிக்கொண்டுதான் அடுப்படிக்கு வந்தாள். ஜெயம்மாளுக்குப் பக்கவாதம் வந்து எட்டு வருஷம். வலது பக்கம் முழுக்க விழுந்துவிட்டது. எட்டு வருஷமும் செண்பகத்துக்கு இதே காலைதான்.

கூடத்தில் அவள் கணவன் வெற்றிவேல் பேப்பருக்குள் முகத்தை வைத்துக்கொண்டிருந்தான். கொழுந்தன் ராஜாமணி கண்டக்டர் சட்டைக்குப் பட்டன் போட்டுக்கொண்டிருந்தான். துர்கா மட்டும் அடுப்படி வாசல் வரைக்கும் வந்து நின்றாள். பாவம், அவளுக்குச் சந்தோஷப்படவும் தெரியவில்லை, படாமல் இருக்கவும் முடியவில்லை. "அக்கா, உனக்கும் ரெண்டு நாள்ல வந்துரும்க்கா" என்றாள்.

வரவேண்டும்தானே! செண்பகம் ஆசிரியர் பயிற்சி முடித்து, எம்ப்ளாய்மெண்ட் ஆபீஸில் பெயர் பதிந்தது 1993 ஜூலையில். துர்கா பதிந்தது 1996இல். யார் முன்னால் பதிந்தார்களோ அவர்களுக்குத்தான் அரசாங்கப் பள்ளிக்கூட வேலை முன்னால் வரும். மூன்று வருஷத்துக்கு ஒருமுறை பதிவுக் கார்டைக் கொண்டுபோய்ப் புதுப்பிக்க வேண்டும், அவ்வளவுதான். ஒருமுறை தவறவிட்டால் மட்டும் பழைய வரிசை போச்சு. மறுபடியும் கடைசியில் போய் நிற்க வேண்டியதுதான். இது திண்டிவனத்தில் சாக்பீஸ் பிடித்த எல்லாருக்கும் தெரிந்த கணக்கு. அப்படியிருக்க, தொண்ணூற்றாறுக்கு வந்த இண்டர்வியூ கார்டு தொண்ணூற்றுமூன்றுக்கு ஏன் வரவில்லை?

கேசரியை இறக்கி வைத்துவிட்டுக் கூடத்துக்கு வந்து அதைத்தான் கேட்டாள். வெற்றிவேல் பேப்பரை இறக்காமலே, தபாலில் எங்காவது மாட்டிக்கொண்டிருக்கும் என்றான். அவள் நகரவில்லை. ராஜாமணிதான் தொண்டையைச் செருமிக்கொண்டு பதில் சொன்னான்.

"அண்ணி, நான் நேத்தே ஆபீஸ்ல விசாரிச்சேன். உங்க பேருக்கு நேரா ரெண்டாயிரத்து ரெண்டுன்னு காட்டுது. கம்ப்யூட்டர்ல ஏத்தறப்ப எவனோ தப்பா ஏத்திட்டான் போல… ஒரே பேஜாரு புடிச்ச ஆபீஸ் அது."

அவள் நம்பினாள். நம்பாமல் என்ன செய்வாள்? அந்த வீட்டில் காகிதம் என்றால் அது ஆண்களின் வேலை. வெற்றிவேலுக்குத் தொழிலே அதுதான். திண்டிவனம் தாலுக்கா ஆபீஸ் வாசலில் ஒரு மேஜையும் குடையும் போட்டு, இருபது வருஷமாக ஊருக்கெல்லாம் மனு எழுதி, பாரம் நிரப்பிக் கொடுக்கிறவன். வாரிசுச் சான்றிதழிலிருந்து பட்டா மாற்றம் வரைக்கும் அவன் கையெழுத்தைப் பார்த்தாலே ஆபீஸில் பியூன்கூட எழுந்து வாங்கிக்கொள்வான் என்று பெயர். எழுதி முடித்ததும், கையெழுத்துப் போடவேண்டிய இடத்தில் பென்சிலால் சின்னதாக ஒரு பெருக்கல் குறி போட்டு நீட்டுவான். எழுதப் படிக்கத் தெரியாதவர்களுக்குச் செய்கிற வசதி. வீட்டிலும் அதே பழக்கம் வந்துவிட்டது. ரேஷன் கார்டு, பள்ளிக்கூட விண்ணப்பம், பாங்கு பாரம், எதுவானாலும் அவன் நீட்டுவான். குறி போட்ட இடத்தில் மற்றவர்கள் போடுவார்கள். ராஜாமணி விழுப்புரம் தடத்தில் பஸ் கண்டக்டர். கொண்டுபோய்க் கொடுக்கிற காகிதமெல்லாம் அவன் பையில் போகும். இரண்டு மருமகள்களும் ஆசிரியர் பயிற்சி முடித்தவர்கள்! ஊர்ப் பிள்ளைகளுக்கு எழுத்துச் சொல்லிக் கொடுக்கத் தகுதியானவர்கள்! தங்கள் கார்டை அவர்கள் கண்ணால் பார்த்தே பல வருஷம் ஆகியிருந்தது.

செண்பகம் ஒரு நாள் மகள் தமிழ்மொழியைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பிவிட்டு, மாமியாரைப் பக்கத்து வீட்டு அம்மணியிடம் ஒப்படைத்துவிட்டு, விழுப்புரம் எம்ப்ளாய்மெண்ட் ஆபீஸுக்குப் போனாள். ஜன்னலுக்கு அந்தப்பக்கம் இருந்தவர் கம்ப்யூட்டரைப் பார்த்து 2002 என்றார். 1993இன் பழைய கார்டு எங்கே என்று கேட்டார். அது வீட்டில் இல்லை; ஆபீஸிலேயே வாங்கி வைத்துக்கொண்டார்கள் என்று ராஜாமணி சொல்லியிருந்தான். இந்த ஜன்னலில் ஒன்றும் ஆகாது, கோர்ட்டுக்குப் போனால்தான் உண்டு என்று சொல்லிவிட்டு அவர் அடுத்த ஆளைக் கூப்பிட்டார்.

கோர்ட்டுக்குப் போனாள். வளவனூர்ப் பள்ளிக்கூடத்தில் அவளோடு ஒரே பெஞ்சில் உட்கார்ந்து படித்த இருதயமேரி விழுப்புரத்தில் வக்கீலாக இருந்தாள். சென்னை உயர்நீதிமன்றத்தில் வழக்குப் போட வேண்டும், தானே போய்ப் பேசுவேன் என்றாள். ஆனால் ஒன்று. பதிவு வரிசையில் மூத்தவளை விட்டுவிட்டு இளையவளைக் கூப்பிட்டார்கள் என்று சொல்ல வேண்டுமானால், அந்த இளையவள் யார் என்று பெயர் சொல்லி, அவளையும் வழக்கில் சேர்த்தாக வேண்டும்.

செண்பகத்துக்குத் தெரிந்த இளையவள் ஒருத்திதான்.

துர்கா பெயரைப் போட அவள் கை வரவில்லை. துர்கா வேலைக்கு இதனால் ஒரு கெடுதலும் வராது, இது வெறும் சட்டத்து முறை என்று இருதயமேரி படித்துப் படித்துச் சொன்ன பிறகுதான் சம்மதித்தாள். வீட்டுக்கு வந்து அதைத் துர்காவிடம் முறையாகச் சொல்லிவிட வேண்டும் என்று நினைத்தாள். நினைத்துக்கொண்டே மூன்று வாரம் போய்விட்டது. மாமியாருக்குக் காய்ச்சல் வந்தது ஒரு காரணம். வாய் வரவில்லை என்பதுதான் நிஜமான காரணம். அதற்குள் கோர்ட் நோட்டீஸ் தபாலில் வந்து சேர்ந்துவிட்டது.

துர்கா அப்போது பெருமுக்கல் பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் வேலைக்குச் சேர்ந்து ஒரு மாதம்தான் ஆகியிருந்தது. சாயங்காலம் வந்து செருப்பைக்கூடக் கழற்றாமல் நோட்டீஸைப் படித்தாள். எதிர்மனுதாரர் என்று தன் பெயர்.

"என் பேர்ல கேஸ் போட்டியாக்கா? பதினோரு வருஷமா உன்னை அக்கான்னு கூப்புட்டுக்கினு இருக்கறேனே… ஒரு வார்த்தை எங்கிட்ட சொல்லத் தோணலையா உனக்கு?"

செண்பகம் சொல்ல வந்த விளக்கம் அந்த அழுகையில் எடுபடவில்லை. ராஜாமணி குதித்தான். அண்ணிக்குப் பொறாமை, தம்பி பெண்டாட்டி சேலை கட்டிக்கொண்டு பள்ளிக்கூடம் போவது கண்ணை உறுத்துகிறது என்றான். வெற்றிவேல் கத்தவில்லை. வழக்கை வாபஸ் வாங்கு என்று மட்டும் சொன்னான். வழக்கு நடந்த மூன்று வருஷமும் அதை மட்டுமே சொன்னான். தம்பி குடும்பத்துக்காக மனுஷன் இப்படித் துடிக்கிறாரே என்று, அந்த நிலையிலும் அவளுக்கு அவன்மேல் ஒரு மதிப்பு இருந்தது.

மறுநாளே வீட்டில் இரண்டாவது அடுப்பு வந்தது. துர்கா, செண்பகம் கை பட்ட சோற்றைத் தொடுவதில்லை என்று வைத்துக்கொண்டாள். ஒரே வீட்டுக்குள் இரண்டு குக்கர் விசிலடித்தது. கல்யாணம், காதுகுத்து என்று போன இடத்திலெல்லாம் சொந்தக்காரப் பெண்கள் செண்பகத்தைப் பார்த்ததும் பேச்சை நிறுத்தினார்கள். அடுப்பு பிரிந்தது, பேச்சு பிரிந்தது. ஜெயம்மாளின் பீத்துணி மட்டும் பிரியவில்லை. அது முழுக்கச் செண்பகத்துக்கே என்று எல்லாரும் ஒற்றுமையாக விட்டுவிட்டார்கள். நல்ல ஒற்றுமை!

2009ஆம் வருஷம் ஒரு சனிக்கிழமை இருதயமேரி போன் செய்து வரச் சொன்னாள். ஆபீஸ் தரப்பிலிருந்து பதில் மனு வந்திருந்தது. இருதயமேரி ஒரு ஜெராக்ஸ் காகிதத்தை மேஜைமேல் தள்ளினாள்.

மதிப்பிற்குரிய அய்யாவுக்கு என்று தொடங்கிய கடிதம். 1999ஆம் ஆண்டு குடும்பச் சூழ்நிலை காரணமாக எனது பதிவைப் புதுப்பிக்கத் தவறிவிட்டேன். எனது பழைய பதிவு மூப்பை எக்காலத்திலும் கோர மாட்டேன் என்று இதன்மூலம் உறுதி கூறுகிறேன். என்னைப் புதிதாகப் பதிவு செய்துகொள்ளுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். தேதி, 2002 ஜூலை. கீழே கையெழுத்து, வெ. செண்பகம்.

கையெழுத்து அவளுடையதுதான். சந்தேகமே இல்லை.

"நீயே எழுதிக் குடுத்துட்டு எங்கிட்ட வந்து கேஸ் போட்டியா செண்பகம்?" என்று கேட்டாள் இருதயமேரி. கோபம்கூட இல்லை, வருத்தம்தான்.

செண்பகம் கடிதத்தின் மேற்பகுதியையே பார்த்துக்கொண்டிருந்தாள். வலப்பக்கம் சாய்ந்து, அச்சடித்தாற்போல் ஒரே அளவில் ஓடுகிற எழுத்து. பொருள் என்ற வார்த்தைக்குக் கீழே இரட்டைக் கோடு. ஊரே மதிக்கிற எழுத்து. நிச்சயம் ஆனபிறகு வளவனூருக்கு அவளுக்கு வந்த நான்கு கடிதங்களிலும் இருந்த எழுத்து. கையெழுத்துக்குப் பக்கத்தில் ரப்பரால் சரியாக அழிக்காத பெருக்கல் குறிகூட ஜெராக்ஸில் மங்கலாக விழுந்திருந்தது.

அவளுக்கு அந்த நாள் ஞாபகம் வந்தது. இது புதுப்பிக்கிற வருஷமாயிற்றே என்று அவளேதான் அவனைக் கேட்டாள். பின்னறையில் மாமியார் அலறிக்கொண்டிருந்தாள். இவள் கையெல்லாம் ஈரம். வெற்றிவேல் நாலைந்து காகிதத்தைச் சேர்த்துப் பிடித்து, கீழ்நுனியை மட்டும் தூக்கிக்காட்டி, ஜல்தி போடு, ராஜாமணிக்கு பஸ் எடுக்க நேரமாகிறது என்றான். முந்தானையில் கை துடைத்துக்கொண்டு போட்டாள். ஒரு வரி, ஒரே ஒரு வரி படித்திருந்தால் போதும். ஆசிரியர் பயிற்சி படித்தவளாம்!

பதினோரு வருஷமாக மலத்துணி அலசியவள். படுக்கைப் புண்ணிலிருந்து சீழைத் துடைத்தவள். ஒரு நாள்கூட ஓக்காளித்ததில்லை. அன்று ஒரு வெள்ளைக் காகிதத்தைப் பார்த்து அவளுக்குக் குமட்டிக்கொண்டு வந்தது. வாயைப் பொத்திக்கொண்டு வெளியே ஓடி, வக்கீல் ஆபீஸ் சாக்கடையில் வாந்தி எடுத்தாள். பின்னாலேயே வந்து தலையைப் பிடித்துக்கொண்ட இருதயமேரியிடம், "இது என் வீட்டுக்காரரு எழுத்து" என்றாள்.

மறுநாள் ஞாயிற்றுக்கிழமை. காலை டிபன் முடிந்து எல்லாரும் வீட்டில் இருந்தார்கள். செண்பகம் அந்தக் காகிதத்தைக் கூடத்து மேஜையில், வெற்றிவேலின் டீ டம்ளருக்குப் பக்கத்தில் வைத்தாள். அவன் அதைப் பார்த்தான். தன் எழுத்தை அவனுக்கா தெரியாது?

முதலில் வாயைத் திறந்தது துர்கா. மூன்று வருஷமாக மூத்தவளோடு பேசாதவள், எட்டிப் பார்த்துக் கடிதத்தைப் படித்துவிட்டு, தன் கணவனைப் பார்த்து நேராகக் கேட்டாள்.

"தொண்ணூத்தொம்போதுல எங்க ரெண்டு பேரு கார்டும் உங்க பையிலதான இருந்திச்சி? என்னுதை மட்டும் குடுத்துட்டு அக்காவுதைக் குடுக்கலையா நீங்க?"

ராஜாமணி அண்ணனைப் பார்த்தான். அண்ணன் தரையைப் பார்த்தான். அண்ணன்தான் சொன்னார், நான் என்ன பண்ணுவேன் என்று ராஜாமணி முனகினான். கம்ப்யூட்டரில் தப்பாக ஏற்றிவிட்டார்கள் என்று கேசரி வாசனையில் நின்று கதைவிட்டவன், இப்போது அண்ணனைக் காட்டிக் கொடுக்க ஒரு நிமிஷம் எடுத்துக்கொள்ளவில்லை.

அதன் பிறகு வெற்றிவேல் எல்லாம் சொன்னான். அம்மா படுத்து அப்போது ஒரு வருஷம். சின்னவள் கை முரடு, பெரியவள் கைதான் நோகாமல் இருக்கிறது, அவள் வேலைக்குப் போனால் நான் செத்துப்போவேன் என்று அம்மா அழுதாளாம். இரண்டு பேருக்கும் வேலை வந்துவிட்டால் அம்மாவை யார் பார்ப்பது? அண்ணனும் தம்பியும் பஸ் ஸ்டாண்டு டீக்கடையில் நின்று பேசி முடிவெடுத்துவிட்டார்கள். ஒரு கார்டு போகட்டும், ஒரு கார்டு நிற்கட்டும். ஒரு டீ குடித்து முடிக்கிற நேரம்தான் ஆகியிருக்கும். 2002இல் அவளே புதுப்பிக்கக் கேட்டபோது, விட்டுப்போனது வெளியே வராமலிருக்கத்தான் அந்தப் புதுப்பதிவுக் கடிதமாம்.

"குடும்பத்துக்காகத்தான் செண்பகம் பண்ணேன். எனக்குன்னு ஒண்ணும் இல்ல. உங்கிட்ட கேட்டா நீ வருத்தப்படுவியேன்னுதான்…"

செண்பகம் அழவில்லை. அழுகை வரும் என்று அவளும்தான் எதிர்பார்த்தாள். வந்தது அருவருப்பு மட்டும்தான்.

"கேட்டிருந்தா நானே சரின்னு சொல்லியிருப்பேங்க. அத்தைக்காக நானே அந்தக் கார்டை எடுத்து உங்க கையில குடுத்திருப்பேன். நானா விட்டுக் குடுக்கறதைக்கூட எனக்கு வைக்காம திருடிட்டீங்களே… உங்க பக்கத்துல உக்காந்து சோறு துன்னதை நெனச்சா எனக்கு அசிங்கமா இருக்குது."

துர்கா கட்டின சேலையோடு தரையில் உட்கார்ந்துவிட்டாள். தலையில் அடித்துக்கொண்டாள். மூன்று வருஷமாக உன் கைச் சோறு வேண்டாம் என்று தனி அடுப்பு வைத்தேனே, என் வாயில் புழு விழ, உன் வேலையை அல்லவா நான் பார்த்துக்கொண்டிருக்கிறேன் என்று புலம்பினாள். செண்பகம் அவள் கையைப் பிடித்து நிறுத்தினாள். உன் வேலை உன் வேலைதான், அதை யாரும் தொட மாட்டார்கள், நானும் உன்னிடம் முன்னாலேயே சொல்லியிருக்க வேண்டும், அது என் தப்பு என்றாள். இரண்டு பேரும் கட்டிக்கொண்டு அழுதது அப்போதுதான். ஆண்கள் இரண்டு பேரும், தங்களையும் யாராவது கூப்பிட மாட்டார்களா என்கிற மாதிரி சுற்றிச் சுற்றி வந்தார்கள். யாரும் கூப்பிடவில்லை.

அழுது தீர்ந்துவிட்டால் போதுமா? கோர்ட்டில் அந்தக் கடிதம் அப்படியேதான் இருந்தது. கையெழுத்துப் போட்டது நீதானே என்று கேட்டால் வழக்கு அந்த இடத்திலேயே செத்துவிடும். ஒரே வழிதான் இருக்கிறது என்றாள் இருதயமேரி. 1999இல் கார்டைக் கொடுக்காமல் நிறுத்தியதும், 2002இல் கடிதத்தை எழுதி, விஷயத்தை மறைத்துக் கையெழுத்து வாங்கியதும் நான்தான் என்று வெற்றிவேலே பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்துப் போட வேண்டும்.

அவன் மாட்டேன் என்றான்.

மன்னிப்புக் கேட்கத் தயார். காலில் விழத் தயார். ஆனால் காகிதத்தில் போட மாட்டானாம். அது கோர்ட்டுக் காகிதம், நாளைக்கு ஊருக்கே தெரியும், தாலுக்கா ஆபீஸ் வாசலில் பெண்டாட்டியையே ஏமாற்றிக் கையெழுத்து வாங்கினவனிடம் எவன் மனு எழுத வருவான் என்றான். பதினாறு வருஷத்து வரிசை போனவளிடம் தன் மேஜையும் குடையும் போய்விடும் என்று அழுகிற மனுஷனை என்ன சொல்வது? ராஜாமணி வேறு, பேசித் தீர்த்துக்கொள்ளலாம் அண்ணி என்று இடையில் வந்தான். துர்கா அவனை ஒரு பார்வை பார்த்தாள். அவர் போடாவிட்டால் நானே கோர்ட்டில் ஏறி, என் வீட்டுக்காரர் பையில் இரண்டு கார்டும் இருந்தது என்று சொல்வேன், என் வேலை போனாலும் போகட்டும் என்றாள்.

செண்பகம் அந்த வாரம் மாமியாருக்கு எல்லா வேலையும் வழக்கம்போலவே செய்தாள். பேச்சு மட்டும் இல்லை. முன்னெல்லாம் துணி மாற்றும்போது தெருக் கதை, தமிழ்மொழி மார்க்கு, மார்க்கெட்டில் மல்லாட்டை விலை என்று எதையாவது சொல்லிக்கொண்டே இருப்பாள். இப்போது துடைத்தாள், பவுடர் போட்டாள், போனாள். ஜெயம்மாளுக்கு உடம்புதான் பாதி, அறிவு முழுசு. கூடத்தில் நடந்ததெல்லாம் காதில் விழுந்துகொண்டுதான் இருந்தது. வியாழக்கிழமை காலையில் இடது கையால் செண்பகத்தின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"நாந்தாண்டி… சொன்னேன். பாவி… நாந்தான்."

செண்பகம் பரவாயில்லை அத்தை என்று சொல்லவில்லை. அதைச் சொல்லிச் சொல்லித்தானே இந்த நிலைக்கு வந்தாள். "தெரியும் அத்தை" என்றாள். ஜெயம்மாளின் ஒரு கண்ணில் மட்டும் தண்ணீர் வழிந்தது. அதையும் துடைத்துவிட்டாள். பிறகு ஜெயம்மாள் பெரிய பிள்ளையைக் கூப்பிடச் சொன்னாள். வெற்றிவேல் வந்து, வழக்கம்போல் கட்டிலிலிருந்து நாலடி தள்ளி நின்றான்.

"போடுடா… கையெழுத்து" என்றாள் தாய். "போடலைன்னா… எனக்குக் கொள்ளி… நீ போடாத."

சனிக்கிழமை அவன் விழுப்புரத்துக்கு வந்தான். டைப் அடித்து வைத்திருந்த பத்திரத்தை வாங்கி, அவமானத்தில் கடகடவென்று கடைசிப் பக்கத்தைத் திருப்பிப் பேனாவைத் திறந்தான். செண்பகம் காகிதத்தின்மேல் கையை வைத்துவிட்டாள்.

"படிச்சிட்டுப் போடுங்க. வாய்விட்டுப் படிங்க. நாங்களும் கேக்கறோம்."

படித்தான். என் மனைவிக்குத் தெரியாமல், என் மனைவியின் நம்பிக்கையைப் பயன்படுத்தி, என்று ஒவ்வொரு வரியாகப் படித்தான். ஊருக்கெல்லாம் வாசித்துக் காட்டிய குரல் இரண்டு இடத்தில் உடைந்தது. செண்பகம் பாதியில் நிறுத்தச் சொல்லவில்லை. முழுக்கக் கேட்டாள்.

2010 பிப்ரவரியில் தீர்ப்பு வந்தது. மனுதாரருக்குத் தெரியாமலேயே அவருடைய பதிவு காலாவதியாக்கப்பட்டிருக்கிறது. 1993 ஜூலை முதலான மூப்பை அவருக்குத் திரும்பக் கொடுத்து, அதன்படி பணி நியமனத்துக்குப் பரிசீலிக்க வேண்டும். துர்காவின் பணிக்கு இதனால் பாதிப்பு இல்லை. இருதயமேரி போனில் படித்துக் காட்டினாள். பொறாமைக்காரி என்று மூன்று வருஷம் பேசிய சொந்தக்காரர்கள், எங்களுக்கு அப்பவே தெரியும், அவள் தங்கமானவள் என்று ஒருத்தர்பின் ஒருத்தராக வந்து காப்பி குடித்துவிட்டுப் போனார்கள். அந்த டம்ளர்களை எல்லாம் கழுவும்போது செண்பகத்துக்கு அவர்கள்மேல் கோபம்கூட வரவில்லை. சீ என்று ஒரு சலிப்புதான் வந்தது.

ஜூனில் இடம் தேர்ந்தெடுக்கக் கூப்பிட்டார்கள். திண்டிவனத்துக்கு அருகிலேயே ஒரு பள்ளிக்கூடம் காலியாக இருந்தது. காலையில் மாமியாருக்கு எல்லாம் செய்துவிட்டுப் போய், நாலரைக்கெல்லாம் திரும்பி வந்துவிடலாம். வெற்றிவேலும் ராஜாமணியும் அந்தப் பெயரை அவளிடம் பத்துத் தடவை சொல்லி அனுப்பியிருந்தார்கள். மறந்துவிடப் போகிறாளே என்று வெற்றிவேல் ஒரு சீட்டில் எழுதிக்கூடக் கொடுத்திருந்தான். அழகான எழுத்து.

செண்பகம் திருவெண்ணெய்நல்லூர் ஒன்றியத்தில், பெண்ணையாற்றுக்கு அருகே ஒரு தொடக்கப் பள்ளியைத் தேர்ந்தெடுத்தாள். இரண்டு பஸ் மாற வேண்டும். தினம் போய்வர முடியாது. அங்கேயே ஒரு வீடு பார்த்துவிட்டாள். பத்தாவது முடித்த தமிழ்மொழிக்கும் அங்கேயே பிளஸ் ஒன் இடம் கேட்டு வைத்தாள். வீட்டில் வந்து சொன்னாள்.

அம்மாவை யார் பார்ப்பது என்று ராஜாமணி கேட்டான். அந்தக் கேள்வி அவனுக்கு அப்போதுதான் முதல்முறையாக வந்ததுபோல் இருந்தது. துர்கா உடனே, நான் பார்த்துக்கொள்கிறேன் அக்கா, நீ நிம்மதியாகப் போ என்றாள்.

"நீ பாத்துக்காத" என்றாள் செண்பகம். "உனக்கு எட்டரைக்குப் பஸ். பாடம் எழுதணும், புள்ளைங்க நோட்டு திருத்தணும். அவங்க பெத்த புள்ளைங்க ரெண்டு பேரு இருக்கறாங்க. கை கால் நல்லாத்தான இருக்குது."

கிளம்புவதற்கு ஒரு வாரம் இருந்தது. தினமும் காலை ஐந்து மணிக்கு இரண்டு பேரையும் எழுப்பிப் பின்னறைக்குக் கூட்டிப்போனாள். முதல் நாள் தானே செய்து காட்டினாள். தோளுக்கும் இடுப்புக்கும் கை கொடுத்து எப்படிப் புரட்டுவது, அழுக்குத் துணியை எப்படி உள்பக்கமாகச் சுருட்டி எடுப்பது, எந்தத் திசையில் துடைப்பது, ஈரம் நிற்காமல் எப்படி ஒற்றுவது. இரண்டாம் நாள் அவர்களைச் செய்யச் சொல்லிவிட்டுச் சுவரோரம் நின்றாள். ராஜாமணி துணியைத் தொட்டதும் ஓக்காளித்துக்கொண்டு கொல்லைக்கு ஓடினான். வெற்றிவேல் ஓடவில்லை. துண்டை எடுத்து மூக்கைச் சுற்றிக் கட்டிக்கொண்டான்.

"துண்டை அவுருங்க" என்றாள் செண்பகம். "மூக்கை மூடாதீங்க. அத்தைக்குக் கண்ணு நல்லா தெரியுது."

கட்டிலிலிருந்து ஜெயம்மாள் மகனைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தாள். வெற்றிவேல் துண்டை அவிழ்த்தான். தான் பெற்ற பிள்ளை தன் அழுக்கைக் கண்டு முகம் சுளிப்பதை அந்தத் தாய் பார்த்தாள். அதைத் தாய் பார்த்துவிட்டாள் என்பதை அவனும் பார்த்தான். பன்னிரண்டு வருஷமாக இந்த வாசனைக்கும் தன் மூக்குக்கும் நடுவில் ஒருத்தியை நிறுத்தி வைத்திருந்தோம் என்பது அப்போதுதான் அவனுக்கு உறைத்திருக்க வேண்டும். குனிந்து, அழுதுகொண்டே துடைத்தான். தப்பான திசையில் துடைத்தான். செண்பகம் திருத்தினாள்.

கடைசி நாள் காலை. பெட்டியும் பையும் வாசலில் இருந்தன. மாமியாரிடம் சொல்லிக்கொள்ளப் போனாள். ஜெயம்மாள் இடது கையால் அவள் முந்தானையைப் பிடித்துக்கொண்டு, என்னையும் கூட்டிக்கொண்டு போ என்றாள். கூட்டிப்போய்விடலாமே, ஒரு கட்டில் போட இடம் இருக்கிறதே என்று செண்பகத்துக்கு மனசு அடித்துக்கொண்டது. இந்த மனசை வைத்துத்தானே அவளை இத்தனை வருஷம் கட்டிப்போட்டார்கள்!

"உங்க மேல எனக்கு வெறுப்பு இருந்திச்சி அத்தை. இல்லைன்னு சொல்ல மாட்டேன். ஆனா என் கை உங்க மேல ஒரு நாளும் முரடா பட்டதில்ல" என்றாள். "மாசம் ஒரு ஞாயித்துக்கிழமை வர்றேன். வந்து உங்ககிட்ட பேசிக்கினு இருப்பேன். துணி மட்டும் மாத்த மாட்டேன்."

ஜெயம்மாள் பிடித்த முந்தானையை விட்டுவிட்டு, செண்பகத்தின் கையை எடுத்துத் தன் கோணின வாயில் வைத்து முத்தமிட்டாள். பிறகு தானே போ என்று தள்ளினாள்.

துர்கா பள்ளிக்கூடத்துக்கு அரை நாள் லீவு போட்டிருந்தாள். வாசலில் செண்பகத்தைக் கட்டிக்கொண்டு விடவே இல்லை; டிபன் டப்பாவில் வழிக்குப் புளிசோறு கட்டிக் கையில் திணித்தாள். ராஜாமணி பெட்டியைத் தூக்கிக்கொண்டு பஸ் ஸ்டாப்புக்கு முன்னால் போனான். தமிழ்மொழி பையோடு அவன் பின்னால் நடந்தாள். வெற்றிவேல் கொல்லையிலிருந்து ஈரக் கையோடு வந்தான். கையை எங்கே துடைப்பது என்று தெரியாமல் விரல்களை விரித்துப் பிடித்துக்கொண்டு நின்றான். என்னை மன்னித்துவிட்டாயா என்று கேட்க அவனுக்கு வாய் வரவில்லை.

"எப்பத் திரும்பி வருவ?" என்று மட்டும் கேட்டான்.

செண்பகம் செருப்பைப் போட்டுக்கொண்டு அவனை நிமிர்ந்து பார்த்தாள்.

"பத்து மணிக்கு அத்தையை இடப்பக்கம் திருப்பிப் படுக்க வெக்கணும். மறந்துட்டீங்கன்னா முதுவுல புண்ணு வந்துரும்."

அவன் தலையாட்டினான். தெருமுனையில் விழுப்புரம் பஸ் வந்து நின்றுகொண்டிருந்தது. அவள் மகளோடு ஏறி உட்கார்ந்துகொண்டாள்.